செவிச்சேவுக்கு எந்த மீன்?

சமையல் கலை வகுப்பில் ஆண்டு முடியும் தறுவாயில், பிள்ளைகள் ஒரு வெளிநாட்டுப் பண்டத்தைத் தாங்களே தேர்ந்தெடுத்துச் செய்துகாட்ட வேண்டும். கொஞ்ச காலமாக அந்தப் பட்டியலில் செவிச்சே தவறாமல் இடம்பிடிக்கிறது. பெரு நாட்டுப் பண்டம். பச்சை மீன், எலுமிச்சைச் சாறு, உப்பு, வெங்காயம், மிளகாய், கொத்தமல்லி, அவ்வளவுதான். அடுப்பு பற்றவைக்க வேண்டாம் என்பதால் சுலபம் என்று நினைத்து எடுக்கிறார்கள். எடுத்தவர்களில் பெரும்பாலோர் ஆரஞ்சு நிறத்தில் ஒரு சால்மன் துண்டத்தோடு வருவார்கள், போனில் பார்த்த வீடியோவில் அதுதான் இருந்தது என்பதற்காக. மற்றவர்கள் வீட்டார் சொல்லி அனுப்பியபடி வருவார்கள். “பச்சையாத் திங்கிறதுன்னா உயிர் மீனாப் பாத்து வாங்கு” என்று அப்பா பிடித்துக் கொடுத்த கட்லா ஒரு பையில்; “ராத்திரியே ஊறப் போட்டுடு, நல்லா வெந்துடும்” என்று அம்மா மூடிக் கொடுத்த டப்பா இன்னொரு பையில். மூன்றும் தப்பு. ஆனால் மூன்றும் ஒரே மாதிரித் தப்பு இல்லை.

முதலில் அம்மாவின் டப்பா. எலுமிச்சையின் புளிப்பு மீனின் புரதத்தைக் குலைக்கிறது. கண்ணாடி மாதிரி இருந்த சதை வெளுத்து இறுகுகிறது. பார்வைக்கு வெந்த மீன். உண்மையில் பச்சை மீன்தான். சூடு கொல்வதையெல்லாம் புளிப்பு கொல்லாது. அனிசாகிஸ் என்ற புழு கடல்மீனின் வயிற்றிலும் சதையிலும் சுருண்டு கிடக்கும். வினிகரில் போட்டால்கூட நாள்கணக்கில் தாங்கும். வினிகரில் ஊறிய நெத்திலி வகையை விரும்பிச் சாப்பிடும் ஸ்பெயினில், உணவகங்கள் பச்சையாகப் பரிமாறும் மீனை முன்னதாக உறையவைத்தே தீரவேண்டும் என்று 2006இல் அரசாணையே போட்டார்கள். ஆகவே ராத்திரி முழுக்க ஊறினால் பாதுகாப்பு கூடிவிடாது. மீன் மட்டும் சக்கையாகிவிடும்.

பெருவிலேயே ஒரு காலத்தில் மணிக்கணக்கில்தான் ஊறவைத்தார்கள். 1899இல் சகுரா மாரு என்ற கப்பலில் ஜப்பானியர் கயாவ் துறைமுகத்தில் வந்திறங்கினார்கள். அவர்கள் வழிவந்த சமையல்காரர்களுக்குப் பச்சை மீனின் அருமை தெரியும். அவர்கள் கைபட்டு ஊறும் நேரம் மணியிலிருந்து நிமிடத்துக்குக் குறைந்தது. இன்று தலைநகர் லிமாவின் நல்ல செவிச்சே உணவகத்தில் நீங்கள் கேட்ட பிறகுதான் மீனை வெட்டுவார்கள். தட்டு மேசைக்கு வரும்போதும் துண்டின் நடுப்பகுதி பச்சையாகவே இருக்கும்.

அடுத்தது அப்பாவின் கட்லா. இதுதான் மூன்றிலும் ஆபத்தானது. ஆனால் விளக்க அதிக நேரம் ஆகாது. தாய்லாந்தின் வடகிழக்கே, ஈசான் பகுதியில், ஆற்று மீனைப் பச்சையாகக் கொத்தி எலுமிச்சை பிழிந்து ‘கொய் பிளா’ என்று சாப்பிடுவார்கள். அந்த மீன்களில் இருக்கும் ஈரல் தட்டைப்புழு எலுமிச்சைக்குச் சாவதில்லை. மனிதனின் பித்த நாளத்தில் போய்த் தங்கி, ஆண்டுகள் கழித்துப் புற்றுநோயில் கொண்டுவிடுகிறது. உலக சுகாதார நிறுவனத்தின் புற்றுநோய் ஆய்வு முகமை அந்தப் புழுவை 1994இலேயே புற்றுநோய் உண்டாக்குவனவற்றின் முதல் வரிசையில் வைத்துவிட்டது. தொட்டியில் துள்ளுகிறது என்பது மீன் உயிரோடு இருப்பதற்குத்தான் சாட்சி. அதற்குள் வேறெதுவும் உயிரோடு இல்லை என்பதற்கு இல்லை. கட்லா, ரோகு, விரால், ஜிலேபி, பாசா எதுவானாலும் குழம்புக்கும் வறுவலுக்கும் தாராளமாகப் போகட்டும். எலுமிச்சைக் கிண்ணத்துக்கு வேண்டாம். இதில் எனக்கு இரண்டாவது கருத்து கிடையாது.

இனி சால்மன். இதை எடுத்ததும் வகுப்பில் முகங்கள் சுருங்கும். “சார், எல்லாரும் அதுலதான் பண்றாங்க” என்பார்கள். அந்த எல்லாரும் யார் என்றுதான் கேட்கிறேன்.

பெருவுக்குத் தெற்கே இருக்கும் சிலி, வளர்ப்பு சால்மனில் நார்வேக்கு அடுத்த இடத்தில் இருக்கும் நாடு. அவ்வளவு பக்கத்தில் அந்த மீன் கொட்டிக் கிடந்தும், லிமாவின் பழைய கடைகளில் முதல் மரியாதை கொர்வினாவுக்கும் லெங்குவாடோவுக்கும்தான். முன்னது நம் கத்தாளையின் குடும்பம். பின்னது நாக்கு மீனைப் போன்ற ஒரு தட்டை மீன். லிமாவில் ஹவியர் வோங் தன் வீட்டிலேயே நடத்திப் பேர்பெற்ற உணவகத்தில் மெனு அட்டையே கிடையாது. மீன் என்றால் லெங்குவாடோ மட்டும். ஊரே மெச்சும் கை ஒரே மீனோடு நின்றுகொண்டது, நம் பிள்ளைகளோ விமானத்தில் வந்த மீனுக்கு வாரச் செலவுப் பணத்தைக் கொட்டுகிறார்கள்.

பச்சை சால்மன் என்பதே பழைய வழக்கம் இல்லை. புழு இருக்கும் என்று தெரிந்த ஜப்பானியர் தங்கள் கடலின் சால்மனை உப்பிட்டோ சுட்டோதான் தின்றார்கள். 1980களில் நார்வேக்காரர்களிடம் வளர்ப்பு சால்மன் குவிந்தது. அதைச் சுஷிக்கு ஏற்ற மீன் என்று ஜப்பானில் ஏற்கவைக்க அந்நாட்டு அரசும் வியாபாரிகளும் சேர்ந்து ஆண்டுக்கணக்கில் விளம்பரம் செய்தார்கள், கடைசியில் ஜெயித்தார்கள். விற்றதில் குற்றம் ஒன்றும் இல்லை. ஒரு நாட்டின் விற்பனைத் திட்டத்தை இன்னொரு நாட்டின் பாரம்பரியம் என்று நம்பி மூன்றாவது நாட்டின் பண்டத்தில் போடுவதுதான் வேடிக்கை.

நேர்மையாகச் சொல்ல வேண்டும்: தீவனம் போட்டு வளர்த்த சால்மனில் புழு பயம் மிகக் குறைவு. என் சண்டை அதனோடு இல்லை, சுவையோடுதான். சால்மன் கொழுப்பு மீன். அந்தக் கொழுப்பு நாக்கில் படர்ந்து எலுமிச்சையின் கூர்மையை மழுக்கிவிடுகிறது. வெளிப்புறம் சுண்ணாம்பு பூசினாற்போல் வெளுத்து, உள்ளே வழவழவென்று நிற்கும். சோயா சாஸும் வசாபியும் அதற்குப் பொருந்துகின்றன. உப்பும் சர்க்கரையும் தடவி நாள்கணக்கில் பதப்படுத்தும் வட ஐரோப்பிய முறை அதைவிடப் பொருந்துகிறது. எலுமிச்சைக்கும் அதற்கும் ஒத்துப்போகாது. கலோரி, ஒமேகா-3 என்று கணக்குச் சொல்லி எதிர்வாதம் செய்பவர்கள் மத்தி வாங்கிக் குழம்பு வைக்கட்டும்.

அப்புறம் கடை நிலவரம். ‘சுஷி தரம்’ என்று ஒட்டியிருக்கும் சீட்டுக்கு அமெரிக்காவிலேயே சட்ட வரையறை கிடையாது. விற்பவர் வைத்த பெயர்தான் அது. ஆரஞ்சு நிறம் மீன் புதிது என்பதற்கு அடையாளம் இல்லை, வளர்ப்பு சால்மனுக்குத் தீவனத்தில் சேர்க்கும் நிறமியால் வருவது. உறைந்து வந்த துண்டத்தைக் கடையில் இளகவைத்து, ஐஸ் மேல் பரப்பி, ‘ஃபிரெஷ்’ என்று எழுதி வைப்பதும் நடக்கிறது. இத்தோடு இன்னொரு குழப்பம்: ‘இந்தியன் சால்மன்’ என்ற பெயரில் விற்பது சால்மனே இல்லை, நம் காலா மீன். ஒரு பையன் அதை வாங்கிவந்து, நிறம் வெளுத்திருக்கிறதே, ஏமாற்றிவிட்டார்கள் என்று புலம்பினான். அன்று வகுப்பில் வந்த செவிச்சேக்களில் வாயில் வைக்கும்படி இருந்தது அவனுடையதுதான்.

சரி, எந்த வழியில் செய்வது? வழிகள் பல உண்டு. பெருவின் நேர்வழி, சதுரத் துண்டுகளும் வெங்காயமும். திராதீத்தோ, மீனை மெல்லிய ஏடாகச் சீவி, வெங்காயம் இல்லாமல், பரிமாறும் நேரத்தில் சாறு ஊற்றுவது. மெக்சிகோவின் சினலோவா பக்கத்து அகுவாச்சிலே, பச்சை இறாலும் அரைத்த மிளகாயும். பிலிப்பைன்ஸின் கினிலாவில் வினிகர் முன்னே நிற்கும். ஃபிஜியின் கொகொண்டாவில் மீன் எலுமிச்சையில் ஊறியபின் சாற்றை வடித்துவிட்டுத் தேங்காய்ப்பால் ஊற்றுவார்கள். அங்கே பெரிதும் பயன்படும் ‘வாலு’ நம் வஞ்சிரமேதான். 1903 முதல் சென்னையில் கப்பலேறி ஃபிஜியின் கரும்புத் தோட்டங்களுக்குப் போன தமிழர்களுக்குத் தட்டிலிருந்த மீன் புதிதாக இருந்திருக்காது.

எக்குவடோர் முறையைத் தனியே சொல்ல வேண்டும். அங்கே இறாலை முதலில் கொதிநீரில் வேகவைத்துவிடுகிறார்கள். எலுமிச்சை, ஆரஞ்சுச் சாறு, தக்காளி, வெங்காயம் எல்லாம் அதற்குப் பிறகுதான். தொட்டுக்கொள்ள வாழைக்காய் சிப்ஸும் பாப்கார்னும். முதன்முதலாகச் செய்பவர்கள் இங்கிருந்துதான் தொடங்க வேண்டும் என்பது என் பிடிவாதம். கர்ப்பிணிகள், குழந்தைகள், வயதானவர்கள், ஈரல் கோளாறோ நோய் எதிர்ப்புக் குறைவோ உள்ளவர்கள் வீட்டில் இருந்தால் இதுதான் கடைசி வழியும்கூட.

பச்சை மீன்தான் வேண்டும் என்றால் என் ஓட்டு வெள்ளைச் சதைக்கு. பெரிய கத்தாளை, காலா, கொடுவா, கடல் விரால். சூரையும் வஞ்சிரமும் கெட்டிக்காரர்களுக்கு. பிடித்தது முதல் ஐஸ் விலகியிருந்தால் அவற்றில் ஹிஸ்டமின் என்ற நஞ்சு ஊறிவிடும். எலுமிச்சை, உறைநிலை, கொதி எதுவும் பிறகு அதை எடுக்காது. பவளப்பாறை ஓரத்துப் பெரிய களவாவையும் நான் தவிர்ப்பேன். அதில் சேரக்கூடிய சிகுவாடெரா என்ற நஞ்சும் அப்படிச் சமையலுக்கு அடங்காதது.

எந்த மீனானாலும் உறையவைக்காமல் தொடாதீர்கள். அமெரிக்க உணவு, மருந்து நிர்வாகம் சொல்லும் அளவு மைனஸ் 20 டிகிரியில் 7 நாள், அல்லது மைனஸ் 35இல் கல்லாக உறையவைத்து 15 மணி நேரம். வீட்டு ஃபிரீசர் மைனஸ் 18 பக்கம்தான் நிற்கும், அதுவும் ஐஸ்கிரீமுக்காக நாள் முழுக்கத் திறந்து மூடினால் அதுகூட இல்லை. ஆகவே ஏற்றுமதித் தரத்தில் ஆலையிலேயே உறையவைத்த மீன் வாங்குவது உத்தமம். இதுவும் புழுவுக்குத்தான் மருந்து, பாக்டீரியாவுக்கு இல்லை. 1991இல் சிம்போத்தே துறைமுகத்தில் தலைகாட்டிய காலரா அந்த ஒரே ஆண்டில் பெருவில் 3 லட்சத்துக்கும் மேற்பட்டோரைப் பிடித்தது. செவிச்சே வியாபாரம் படுத்தது. மீனவர்களைக் காப்பாற்ற அதிபர் ஃபுஜிமோரி கேமராக்களுக்கு முன் பச்சை மீன் தின்று காட்டினார். சுகாதாரத் துறையினர் தலையில் அடித்துக்கொண்டார்கள். கெட்ட தண்ணீரும் கழுவாத கையும் கலந்துவிட்டால் எந்த மீனைத் தேர்ந்தெடுத்தும் பயனில்லை.

எலுமிச்சைக்கு மட்டும் வெளிநாடு போக வேண்டாம். பெருவில் பிழியும் ‘லிமோன் சூத்தில்’ நம் பெட்டிக்கடை எலுமிச்சையின் இனமேதான்: சிறியது, தோல் மெல்லியது, புளிப்பு கடுமை. இறக்குமதியான பெரிய மஞ்சள் எலுமிச்சை வேறு ஜாதி. அரைக் கிலோ மீனுக்குப் பத்துப் பன்னிரண்டு பழம். ஒட்டப் பிழியாதீர்கள்; வெள்ளைத் தோலின் கசப்பு இறங்கும். விரல் மொத்தத் துண்டுகளுக்கு முதலில் உப்பு, பிறகு குளிர்ந்த நீரில் அலசிய வெங்காயம், மிளகாய், கொத்தமல்லி, சாறு, கூடவே ஒன்றிரண்டு ஐஸ் கட்டி. பத்து நிமிடத்துக்கு மேல் வேண்டாம். பக்கத்தில் அவித்த சர்க்கரைவள்ளிக்கிழங்கும் வறுத்த மக்காச்சோளமும்.

இவ்வளவும் சொன்னாலும், தேர்வு கடைசியில் மீனில் இல்லை, ஆளில்தான் இருக்கிறது. கத்தி பழகிய கை இருந்தால் திராதீத்தோ எடு. முள்ளெடுக்கப் பொறுமை இல்லையென்றால் இறாலை வேகவை, அதில் குறைவு ஒன்றும் இல்லை. விடியற்காலையில் காசிமேட்டுக்கோ சிந்தாதிரிப்பேட்டைக்கோ போய், வாங்காமல் சும்மா நின்று செவுளையும் கண்ணையும் பார்த்துப் பழகு. ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை கிழக்குக் கரையில் விசைப்படகுகளுக்குத் தடைக்காலம். அப்போது பெரிய மீன் எங்கிருந்து, எத்தனை நாள் ஐஸில் வந்தது என்று கேட்கத் தெரிந்துகொள். பாடத்தைத் தேர்ந்தெடுப்பதும் இப்படித்தான்: கேக் அலங்காரம் படிக்க வந்த பெண்ணுக்கு மீன் வெட்டக் கை வந்திருப்பதைப் பார்த்திருக்கிறேன். வீட்டில் சம்மதிக்கவில்லை, அவள் இன்னும் கிரீம் பூசிக்கொண்டிருக்கிறாள். பக்கத்துப் பையன் என்ன எடுத்தான் என்று பார்த்து எடுத்த பாடமும் மீனும் எடுத்தவனுக்கே ருசிப்பதில்லை.

மிச்சம் வைக்கலாமா என்று ஒவ்வொரு வகுப்பிலும் யாராவது கேட்பார்கள். கிண்ணத்தின் அடியில் தேங்கும் வெள்ளைச் சாற்றை ‘புலிப்பால்’ என்று பெயரிட்டுப் பெரு நாட்டுக்காரர்கள் சின்ன கிளாஸில் ஊற்றிக் குடித்துவிடுவார்கள்; அதுவும் அப்போதே. மீன் துண்டு மிஞ்சினால் சாயங்காலத்துக்கு எடுத்து வைக்காதீர்கள். கொதிக்கிற குழம்பில் உடனே போட்டுவிடுங்கள், புளியை மட்டும் குறைத்துக் கரைத்தால் போதும்.