வேனில் வழங்கும் பாடம்

ஓராண்டை ஆறு பெரும்பொழுதுகளாகப் பகுத்துக் கண்டவர்கள் பண்டைத் தமிழர். கார், கூதிர், முன்பனி, பின்பனி, இளவேனில், முதுவேனில் என்பன அவை. ஆவணியில் தொடங்கும் இவ்வரிசையில் சித்திரையும் வைகாசியும் இளவேனில். ஆனியும் ஆடியும் முதுவேனில். இப்பெயர்களை மாணவர்கள் தடையின்றி ஒப்பிப்பர். ஆயினும் இவற்றுள் பொதிந்துள்ள ஒரு நுட்பத்தை நாம் எண்ணிப் பார்ப்பதில்லை.

குளிர்நாடுகளில் வசந்தம் வேறு, கோடை வேறு. பனி உருகி மண் கண் விழிப்பது வசந்தம். அதன்பின் வருவது கோடை. நம் மொழியிலோ இரண்டுக்கும் வேனில் என்னும் ஒரே பெயர். ஒன்று இளையது, மற்றொன்று முதிர்ந்தது. பூக்கும் பருவமும் சுடும் பருவமும் ஒரே வெம்மையின் இளமையும் முதுமையும் ஆகும் எனத் தமிழ் கண்டது. இது வெறும் சொல்லழகு அன்று. நம் மண்ணின் மரங்கள் வாழும் முறையே அதுதான். தாவரவியல் கற்பிப்பவன் என்ற முறையில் அதனை இங்கு விளக்க விழைகிறேன்.

இலக்கியம் கண்ட வேனில்

தொல்காப்பியம் பாலைத் திணைக்கு வேனிலைப் பெரும்பொழுதாகவும் நண்பகலைச் சிறுபொழுதாகவும் வகுத்தது. பின்பனியும் பாலைக்கு உரியதே. பாலையோ பிரிவைப் பாடும் திணை. பாலை பாடிய பெருங்கடுங்கோ இயற்றிய பாலைக்கலியின் 35 பாடல்களைப் படிப்போர், அவற்றுள் பலவற்றில் இளவேனிலின் எழிலைக் காண்பர். மரங்கள் மலர்கின்றன, வண்டுகள் ஒலிக்கின்றன, குயில் கூவுகின்றது. வருவேன் என்று சொல்லிச் சென்ற தலைவன் மட்டும் வரவில்லை.

சிலப்பதிகாரத்தின் புகார்க் காண்டத்தில் 8ஆம் காதைக்கு வேனிற்காதை என்றே பெயர். கோவலன் பிரிந்த பின்னர் இளவேனில் வருகிறது. மாதவி மடல் எழுதி வசந்தமாலையின் கையில் கொடுத்தனுப்புகிறாள். கோவலன் அதனை ஏற்க மறுத்துவிடுகிறான்.

பூத்துக் குலுங்கும் பருவத்தை நம் புலவர்கள் துயரத்தோடு ஏன் இணைத்தார்கள்? காய்ந்த நிலமும் மலர்ந்த கிளையும் ஒருங்கே தோன்றும் பருவம் வேனில். இழப்பையும் நம்பிக்கையையும் ஒரு சேரப் பேசுவதற்கு அதனினும் பொருத்தமான பருவம் வேறில்லை என்றே நான் கருதுகிறேன்.

மரங்களின் கணக்கு

முதலாண்டு மாணவர்களிடம் ஆண்டுதோறும் நான் ஒரு வினா எழுப்புவதுண்டு: மரங்கள் எப்போது தளிர்க்கின்றன? மழை பெய்தவுடன் என்றே பெரும்பாலோர் விடையிறுப்பர். புல்லுக்கும் பூண்டுக்கும் அவ்விடை பொருந்தும். ஆனால் புங்கமரம் பங்குனி, சித்திரையில் தளிர்க்கிறது. வேம்பும் அவ்வாறே. வறண்ட மாதங்களில், ஒரு துளி மழையையும் எதிர்பாராமல் அவை புத்தாடை உடுத்துகின்றன.

இதன் காரணம் என்ன? மரம் தன் நீரின் பெரும்பகுதியை இலைகளின் வழியே இழக்கிறது. மாசி, பங்குனியில் முதிர்ந்த இலைகளை உதிர்த்துவிட்டால் அச்செலவு நின்றுவிடுகிறது. அதே வேளையில் ஆழச் சென்ற வேர்கள் அடிமண்ணில் தங்கிய ஈரத்தை உறிஞ்சுகின்றன. அடிமரம் மீண்டும் நீரால் நிறைகிறது. அந்தச் சேமிப்பைக் கொண்டே மொட்டுகள் விரிகின்றன. சென்ற மழைக்காலத்தில் மண்ணுக்குள் இறங்கிய நீரே இன்றைய தளிராக வெளிவருகிறது.

சரி, தளிர்க்கும் நாளை மரம் எங்ஙனம் அறிகிறது? பல மரங்களுக்குப் பகலின் நீளமே நாட்காட்டி என்று இந்த நூற்றாண்டின் தொடக்கத்தில் வெளிவந்த ஆய்வுகள் சுட்டுகின்றன. இலண்டனில் மிக நீண்ட பகலுக்கும் மிகக் குறுகிய பகலுக்கும் இடையே ஏறத்தாழ எட்டே முக்கால் மணி நேர வேறுபாடு உண்டு. சென்னையில் அவ்வேறுபாடு ஏறத்தாழ ஒன்றரை மணி நேரமே. மார்ச் 21ஐ ஒட்டி இரவும் பகலும் சமமான பின்னர், நாள்தோறும் பகல் மிகச் சிறிதளவே வளர்கிறது. நாம் உணராத அந்தச் சிறு வளர்ச்சியை மரம் உணர்ந்துகொள்கிறது என்பது எத்துணை வியப்புக்குரியது!

தளிரின் நிறமும் வீணன்று. வேம்பின் இளந்தளிர் செம்பு நிறம் கொண்டு மின்னுவதை அனைவரும் கண்டிருப்பீர்கள். ஆந்தோசயனின் என்னும் நிறமியே அதற்குக் காரணம். பச்சையம் முழுமையாக உருவாகும் முன்னர், கடும் வெயிலிலிருந்து இளம் திசுக்களை அது காக்கிறது.

முந்தித் தளிர்ப்பதில் இன்னொரு நன்மையும் உண்டு. முதுமலைக் காட்டில் ஆய்வு செய்த கே. எஸ். முரளி, ஆர். சுகுமார் ஆகியோர் 1993ஆம் ஆண்டு தம் முடிவுகளை வெளியிட்டனர். மழைக்கு முன்னரே தளிர்த்த மரங்களைவிடக் காலந்தாழ்ந்து தளிர்த்தவை பூச்சிகளால் மிகுதியாக அரிக்கப்பட்டன என்பது அவர்கள் கண்ட உண்மை. மழையோடு பூச்சிகள் பெருகும்போது, முந்தித் தளிர்த்த மரத்தின் இலை முற்றி உறுதி பெற்றிருக்கிறது.

பூவும் விதையும்

சித்திரைத் திங்கள் முதல் நாளன்று நம் வீடுகளில் வேப்பம்பூப் பச்சடி பரிமாறப்படுவது, மரத்தின் நாட்காட்டியும் மனிதரின் நாட்காட்டியும் ஒத்துப்போவதற்கு நல்ல சான்று. அப்பூக்கள் காயாகி, ஆனி, ஆடியில் பழுத்து உதிர்கின்றன. வேப்பம் விதை நெடுங்காலம் முளைப்புத் திறனைக் காத்து வைத்திருப்பதில்லை. எனவே மழை ஈரம் மண்ணைத் தொடும் வேளையில் விதை ஆயத்தமாக இருத்தல் வேண்டும். அதற்கு வெயிலிலேயே பூத்தாக வேண்டும். கோடையில் பூக்கும் மரம் கோடைக்காகப் பூக்கவில்லை. வரவிருக்கும் மழைக்காகப் பூக்கிறது.

உழவரும் இதே கணக்கை அறிவர். சித்திரை மாத உழவைப் பத்தரை மாற்றுத் தங்கம் என்பது நாட்டு வழக்கு. கோடை மழை ஒன்று பெய்ததும் நிலத்தைப் புரட்டிப் போட்டால், மண்ணில் மறைந்திருக்கும் கூட்டுப்புழுக்கள் வெயிலில் மடியும். அடுத்த மழைநீர் ஆழ இறங்கும். விளைச்சல் கண்ணுக்குத் தெரியாத மாதத்தில்தான் விளைச்சலுக்கான வேலை நடைபெறுகிறது.

பட்ட மரமா?

இவ்வறிவு நூலோடு நின்றுவிடுவது அன்று. முன்னர் நான் வாழ்ந்த ஓர் ஊரில், மாசித் திங்களில் இலையின்றி நின்ற பெரிய வாகைமரம் ஒன்றைப் பட்ட மரம் எனக் கருதி வெட்டி வீழ்த்தினர். காற்றில் சலசலத்த அதன் வெண்ணிற நெற்றுகளை மரம் செத்ததன் அடையாளமாக எண்ணிவிட்டார்கள். அடிமரத்தை அறுத்தபோது உள்ளே ஈரம் கசிந்தது. இன்னும் சில கிழமைகள் பொறுத்திருந்தால் அது தளிர்த்து, மணமிக்க பூக்களைச் சொரிந்திருக்கும். சித்திரை வெயிலில் அந்தத் தெருவுக்கு நிழலும் கிடைத்திருக்கும். வேனிலைப் பற்றிய அறியாமை ஒரு தலைமுறையின் நிழலைப் பறித்துவிட்டது.

மரம் உயிரோடிருக்கிறதா என்று அறிய எளிய வழி ஒன்று உண்டு. சிறு கிளையின் பட்டையை நகத்தால் மெல்லக் கீறிப் பாருங்கள். உள்ளே பசுமையும் ஈரமும் தென்பட்டால் அது வாழும் மரம். ஒரு கிளை காய்ந்திருந்தாலும் வேறு கிளைகளைச் சோதித்த பின்னரே முடிவு செய்ய வேண்டும்.

மாணவச் செல்வங்களே! நம் கல்லூரிக்கு வருவோருள் பலர், தம் குடும்பத்தில் முதன்முதலாகப் பட்டப்படிப்பைத் தொட்டவர்கள். ஒரு பருவத் தேர்வில் தவறியவுடன் 'இவனுக்குப் படிப்பு வராது', 'இவளுக்கு இது போதும்' என்று வீட்டாரும் ஊராரும் தீர்ப்பு எழுதிவிடுகிறார்கள். சில வேளைகளில் நீங்களே உங்களைப் பற்றி அவ்வாறு எழுதிக்கொள்கிறீர்கள். இலையுதிர்ந்த நிலையை மட்டும் கண்டு மரத்தின் உயிரை அளப்பது எத்துணைப் பிழையோ, அத்துணைப் பிழை இதுவும்.

ஆனால் ஒன்றை மறத்தல் கூடாது. சேமித்த நீர் உள்ள மரமே வெயிலில் தளிர்க்கும். வகுப்பில் கேட்டதும் நூலகத்தில் படித்ததும் கைப்பட எழுதிப் பழகியதும் உங்கள் வேருக்கடியில் தங்கும் ஈரம். இவ்விடுமுறையில் அதனைச் சிறிது பெருக்கிக்கொள்ளுங்கள். தளிர்க்கும் நாள் தானே வரும்.