பாத்ரூம் சுவர்ல ஈரமா? 60,000 ரூபாய் லோன் போடறதுக்கு முன்னாடி இதைப் படிங்க

பெட்ரூம் சுவர்ல பெயின்ட் உப்பி உப்பி வருதா? தொட்டா வெள்ளையா பொடி கொட்டுதா? அந்தச் சுவருக்குப் பின்னாடி பாத்ரூம் இருந்தா, பெயின்டரைக் கூப்பிடாதீங்க. பெயின்ட் அடிச்ச காசு அடுத்த மழைக்குள்ள திரும்பவும் உதிர்ந்துடும்.

அமெரிக்க வீடியோக்கள்ல பாத்டப்பைச் சுத்தி மூணு பக்கமும் அக்ரிலிக் ஷீட்டை ஒட்டி, ஒரே வீக்கெண்டுல வேலையை முடிச்சிடுவாங்க. அங்கே மரச்சட்டத்து மேல போர்டு அடிச்ச சுவர். தாம்பரம் ஃப்ளாட்ல நமக்கு இருக்கறது செங்கல், சிமென்ட் பூச்சு, அதுக்குள்ள புதைஞ்ச பைப். பாத்டப்புக்குப் பதிலா பக்கெட்டும் மக்கும். இங்கே அதே ஐடியா பிவிசி பேனல் வடிவத்துல வருது: "டைல்ஸ் உடைக்க வேணாம் சார், மேலயே ஒட்டிடலாம்." பார்க்க நல்லாத்தான் இருக்கும். ஆனா ஈரம் உள்ளேயே இருக்கும், உங்க கண்ணுக்குத் தெரியாது, அவ்வளவுதான். காய்ஞ்ச சுவருக்கு பேனல் ஓகே. கசியற சுவருக்கு அது வெறும் திரை.

முதல்ல காசு செலவில்லாத ஒரு டெஸ்ட். ஈரத்தோட ஓரத்துல பென்சில்ல கோடு போட்டு, தேதி எழுதுங்க. ஊருக்குப் போய் நாலு நாள் பாத்ரூமை யாருமே பயன்படுத்தாதப்போ, மேல் டேங்க்ல இருந்து வர வால்வை மட்டும் திறந்தே வைங்க. திரும்பி வந்து பார்த்தா ஈரம் கோட்டைத் தாண்டியிருக்கா? உள்ளே தண்ணி பைப் கசியுதுன்னு சந்தேகப்படலாம். அப்படியே நின்னுடுச்சுன்னா, குளிக்கற தண்ணி டைல்ஸ் ஜாயின்ட் வழியாவோ, தரை ட்ரெயின் ஓரமாவோ இறங்குது. ரெண்டுக்கும் செலவு வேற வேற.

ஜாயின்ட் ஏன் போகுது? நம்ம ஏரியா போர் தண்ணியில உப்பு ஜாஸ்தி. டைல்ஸ்ல வெள்ளைக் கறை படியும். உடனே ஆசிட் ஊத்தித் தேய்ப்போம். ஆசிட் கறையோட சேர்த்து ஜாயின்ட்ல இருக்கற சிமென்டையும் தின்னுடும். சாதாரண சுவர் டைல்ஸ்ல மேல் பளபளப்பு மட்டும்தான் தண்ணியைத் தடுக்கும்; பின்பக்கம் தண்ணியை உறிஞ்சும். அதனால எபாக்ஸி க்ரவுட்டுக்குக் கொஞ்சம் கூடக் கொடுக்கறது வீண் செலவு இல்லை. ஜாயின்ட் மட்டும்தான் பிரச்சினைன்னா, அதைச் சுரண்டி எபாக்ஸி போட்டாலே போதும். மொத்தச் சுவரையும் உடைக்கணும்னு சொல்றவர்கிட்ட ஏன்னு கேளுங்க.

இன்னொரு முக்கியமான விஷயம். சாவி வாங்கி 5 வருஷம் ஆகலையா? அப்போ எதையும் உடைக்காதீங்க! ரெரா சட்டத்தோட 14(3) பிரிவுப்படி, வேலைத்தரத்துல குறை இருந்தா, நீங்க சொன்ன 30 நாளுக்குள்ள பில்டர் இலவசமா சரிசெய்யணும். போட்டோ, வீடியோ எடுத்து, தேதியோட மெயில் அனுப்புங்க. நீங்களே உடைச்சிட்டா, "நீங்க உடைச்சதாலதான் கசியுது"ன்னு பதில் வரும். ஒண்ணு கவனிங்க: நிலம் 500 சதுர மீட்டருக்கு மிகாம, இல்லைன்னா 8 வீட்டுக்கு மிகாம இருக்கற ப்ராஜெக்ட்டுக்கு ரெரா பதிவு கட்டாயமில்லை. அது மாதிரி சின்ன அப்பார்ட்மென்ட்னா, கட்டுமான ஒப்பந்தத்துல வாரன்ட்டி பத்தி என்ன எழுதியிருக்குன்னு பாருங்க. வாடகை வீடா? தனியா வேற மாதிரி ஒப்பந்தம் போடலைன்னா, பைப் மாத்தறது ஓனர் வேலை. குழாய் வாஷர் மாத்தறது உங்க வேலை.

சரி, செலவு நம்மதுன்னே வைச்சுக்குவோம். 7க்கு 5 அடி பாத்ரூம், 7 அடி உயரம். சுத்தளவு 24 அடி, பெருக்கினா 168 சதுர அடி. கதவுக்குச் சுமார் 18 கழிச்சா 150. வெட்டுல வீணாகறது 10 சதவீதம் சேர்த்தா 165. 12க்கு 18 இன்ச் டைல் ஒண்ணு ஒன்றரை சதுர அடி, ஆக 110 டைல். கொட்டேஷன்ல 200ன்னு இருந்தா உங்களுக்கே தெரியும். கழிவை மூணாவது மாடியிலிருந்து இறக்கி, வண்டியில ஏத்தற கூலி கொட்டேஷன்ல இருக்கான்னும் கேளுங்க. பாதி பேர் அதை எழுதவே மாட்டாங்க.

எல்லாம் சேர்த்து 60,000 ஆகுதுன்னா, 14 சதவீத பர்சனல் லோன்ல 24 மாசத்துக்கு இஎம்ஐ சுமார் 2,881. வட்டி மட்டும் 9,100க்கு மேல. 2 சதவீத ப்ராசஸிங் ஃபீயும் அதுக்கு 18 சதவீத ஜிஎஸ்டியும் சேர்ந்து இன்னும் 1,416. கசிவுன்னா எமர்ஜென்சி ஃபண்டைத் தொடலாம், அது அதுக்குத்தான். டைல்ஸ் டிசைன் பழசாயிடுச்சுன்னு தொடாதீங்க. சேர்த்து வைச்சுப் பண்ணுங்க.

காசை மொத்தமா முன்னாடியே கொடுக்காம, பகுதி பகுதியா கொடுங்க. பழைய டைல்ஸ் எடுத்ததும் பைப்பை ப்ரெஷர் டெஸ்ட் பண்ணச் சொல்லுங்க. பூச்சு, அப்புறம் ரெண்டு கோட் வாட்டர்ப்ரூஃபிங். அது காய்ஞ்சதும் ட்ரெயினை அடைச்சு, தரையில ரெண்டு இன்ச் தண்ணி நிறுத்தி 48 மணி நேரம் விடணும். கீழ் வீட்டு அக்காகிட்ட முன்னாடியே சொல்லி, அவங்க சீலிங்கைப் பார்த்துட்டு வாங்க. அது சொட்டு இல்லாம இருந்தாத்தான் டைல்ஸ் ஒட்டற வேலைக்கான பணம். டைல்ஸ் பில்லையும் மீதமான அஞ்சாறு டைல்ஸையும் பரண்ல பத்திரமா வைங்க. அதே டிசைன் அடுத்த வருஷம் கடையில இருக்கும்னு சொல்ல முடியாது.