சொல்லிக்கொடுத்தவர்கள் விட்டுச்செல்வது

அன்புத் தங்கைக்கு,

பெரிய முதலியார்சாவடியிலிருந்து நீங்கள் எழுதிய கடிதம் கிடைத்தது. தமிழ் இலக்கியம் படித்து முடித்துவிட்டு, மாலை வேளைகளில் தெருப் பிள்ளைகளுக்குப் பாடம் சொல்லிக்கொடுக்கிறீர்கள் என்று அறிந்து மனம் நிறைந்தது. கல்லூரி கட்டியவர்களுக்குச் சிலை இருக்கிறது, கல்வெட்டில் பெயர் இருக்கிறது. வாழ்நாளெல்லாம் சொல்லிக்கொடுத்தவர்கள் எதை விட்டுச்செல்கிறார்கள் என்று கேட்டிருந்தீர்கள். ஆசிரியப் பணியில் இருக்கும் பலருக்கும் இந்தக் கேள்வி இருக்கும். அதனால் இதழிலேயே பதில் எழுதுகிறேன்.

நல்ல ஆசிரியர் தாம் படித்ததை மட்டும் கொடுத்துவிட்டுப் போவதில்லை. தாம் படிக்காததையும் மாணவர் படித்துக்கொள்ளும் வலிமையைக் கொடுத்துவிட்டுப் போகிறார். இதற்குச் சான்று தேடி வெகுதூரம் போக வேண்டாம். உங்கள் கடற்கரையிலேயே இருக்கிறது.

உங்கள் ஊரிலிருந்து கிழக்குக் கடற்கரைச் சாலையில் வடக்கே போனால் மரக்காணத்து உப்பளங்கள் வருகின்றன. சங்க காலத்து எயிற்பட்டினம் இந்த மரக்காணம்தான் என்று அறிஞர்கள் பலர் கருதுகிறார்கள். ஓய்மாநாட்டு நல்லியக்கோடனைப் பாடும் சிறுபாணாற்றுப்படையில் அந்தப் பட்டினம் வருகிறது. அந்த நூல் இன்று உங்கள் கைக்கு எட்டுகிறது என்றால், 1889இல் உ.வே. சாமிநாதையர் பத்துப்பாட்டை நச்சினார்க்கினியர் உரையோடு பதிப்பித்தது அதற்குப் பெரிய காரணம்.

அவருக்கு ஏட்டைப் படிக்கும் வலிமை எங்கிருந்து வந்தது? ஓலைச்சுவடியில் பெரும்பாலும் மெய்யெழுத்துக்குப் புள்ளி இராது. எகரமா ஏகாரமா, ஒகரமா ஓகாரமா என்று எழுத்தைப் பார்த்துச் சொல்ல முடியாது. ரகரமும் காலும் ஒன்றுபோலவே தெரியும். சொற்களுக்கு நடுவே இடைவெளி கிடையாது. பாட்டு எங்கே முடிகிறது, உரை எங்கே தொடங்குகிறது என்பதுகூடப் பல இடங்களில் புலப்படாது. யாப்பும் இலக்கணமும் நூற்றுக்கணக்கான பாடல்களின் ஓசையும் நெஞ்சில் ஊறியிருந்தால்தான் அதை வாசிக்க முடியும்.

அப்படி ஊற வைத்தவர் மகாவித்துவான் மீனாட்சிசுந்தரம் பிள்ளை. 1815இல் பிறந்து 1876இல் மறைந்தவர். புராணங்களும் பிள்ளைத்தமிழ்களும் அந்தாதிகளுமாகப் பாடிக் குவித்தவர். தம்மிடம் வந்த மாணவர்களுக்குச் சோறும் இடமும் கொடுத்துப் பாடம் சொன்னவர். அவர் காலமாகிப் பதினோரு ஆண்டுகள் கழித்து, 1887இல், சாமிநாதையர் சீவக சிந்தாமணியைப் பதிப்பித்தார். அது ஆசிரியரிடம் அவர் பாடம் கேட்ட நூல் அன்று. சேலம் இராமசாமி முதலியார் சிந்தாமணியைப் படித்ததுண்டா என்று கேட்ட பிறகுதான் அந்த நூலுக்குள் நுழைந்தார். சமண சமயத்து வழக்குகளைக் கும்பகோணத்துச் சமணர்களிடம் கேட்டுத் தெரிந்துகொண்டார். ஆசிரியர் சொல்லாத நூலுக்குள் மாணவர் போக முடிந்தது. ஆசிரியர் வைத்த அடித்தளம் அவ்வளவு உறுதியானது.

அதே பிள்ளையவர்களிடம் நாகூர் குலாம் காதிறு நாவலர் படித்தார். உங்கள் பக்கத்து ஊரான புதுச்சேரியின் சவராயலு நாயகரும் படித்தார். சைவப் பெரும்புலவர் ஒருவரின் மாணவர் வரிசையில் ஒரு முஸ்லிமும் ஒரு கிறித்தவரும் இருந்தார்கள். இருவரும் பெரும் புலவர்களாக விளங்கினார்கள். கட்டணமும் நுழைவுத் தேர்வும் பார்க்கும் இந்த நாளில், தமிழ் கற்கும் விருப்பம் ஒன்றையே தகுதியாகக் கொண்ட அந்த ஆசிரியரை நாம் அடிக்கடி நினைத்துக்கொள்ள வேண்டும்.

இனி நம் காலத்துக்கு வருகிறேன். புதுச்சேரியில் செயின்ட் லூயி வீதியில் பிரெஞ்சு நிறுவனம் இருக்கிறது. 1955இல் ழான் பிலியோசா தலைமையில் தொடங்கியது. என்.ஆர். பட் போன்ற பண்டிதர்கள் ஊர் ஊராகச் சென்று சேர்த்த சுவடிகளால், சைவ ஆகம ஏடுகளுக்கு உலகிலேயே பெரிய இருப்பிடங்களுள் ஒன்றாக அது வளர்ந்தது. புதுச்சேரியின் சைவச் சுவடித் தொகுப்பை 2005இல் யுனெஸ்கோ உலக நினைவகப் பதிவேட்டில் சேர்த்தது. சற்றுத் தள்ளி டூமா வீதியில் தூரகிழக்கு நாடுகளுக்கான பிரெஞ்சு ஆய்வுப் பள்ளி இருக்கிறது. அங்கே உட்கார்ந்து பாடம் சொன்னவர்தான் பண்டிதர் தி.வே. கோபாலையர்.

1926இல் தஞ்சை மண்ணில் பிறந்தவர். திருவையாற்றில் தமிழாசிரியராக இருந்தவர். இலக்கண விளக்கம், இலக்கணக் கொத்து, பிரயோக விவேகம் என்று பலரும் தொடத் தயங்கும் நூல்களைத் தஞ்சை சரசுவதி மகால் வழியாகப் பதிப்பித்தார். பழைய உரையாசிரியர் எந்த நூலிலிருந்து ஓர் அடியை எடுத்தாண்டார், எந்த விதியை மனத்தில் வைத்து எழுதினார் என்று இடம் சுட்டி விளக்கும் பதிப்புகள் அவை. ஆசிரியர் இல்லாமல் தனியாக உட்கார்ந்து படிப்பவருக்கும் வழி தெரிய வேண்டும் என்ற அக்கறை அவற்றின் ஒவ்வொரு பக்கத்திலும் இருக்கிறது.

புதுச்சேரிக்கு வந்த பிறகு பிரான்சுவா குரோவுடன் சேர்ந்து தேவாரத்தைப் பதிப்பித்தார். 1984இலும் 1985இலும் மூலம் இரண்டு தொகுதிகளாக வந்தது. 1991இல் மூன்றாம் தொகுதியாகத் தேவார ஆய்வுத்துணை வந்தது. உங்கள் ஊருக்கு மேற்கே இருக்கும் இரும்பை மாகாளமும், ஒழிந்தியாம்பட்டு என்று நாம் சொல்லும் அரசிலியும் சம்பந்தர் பாடிய தலங்கள். அந்தப் பதிகங்களைச் சொல் சொல்லாகப் புரிந்துகொள்ள நினைத்தால் அந்தத் தொகுதிகளைத் தேடிப் படியுங்கள்.

தமிழ் இலக்கணப் பேரகராதி அவருடைய பேருழைப்பு. எழுத்து, சொல், பொருள், யாப்பு, அணி, பாட்டியல் என்று எல்லாப் பிரிவுகளையும் அளந்து எழுதிய 17 தொகுதிகளைத் தமிழ்மண் பதிப்பகம் 2005இல் வெளியிட்டது. அப்போது அவருக்கு வயது எண்பதை நெருங்கிக்கொண்டிருந்தது. 2007இல் மறைந்தார்.

இத்தனை எழுதியவரின் நாளில் பெரும்பகுதி பாடம் சொல்வதிலேயே கழிந்தது என்பதுதான் உங்களுக்கு நான் முக்கியமாகச் சொல்ல விரும்புவது. சேனாவரையர் உரையைப் பிரெஞ்சில் மொழிபெயர்த்த ழான்-லுக் செவ்வியார் அவரிடம் படித்தார். ஜெர்மனியைச் சேர்ந்த ஏவா வில்டன் அவரிடம் படித்தார். வில்டனின் நற்றிணைச் செம்பதிப்பு 2008இல், ஆசிரியர் மறைந்த மறு ஆண்டு, வந்தது. கிடைத்த ஏடுகளையும் பழைய அச்சுப் பதிப்புகளையும் ஒப்பிட்டுப் பாட வேறுபாடுகளை அடிக்கு அடி காட்டும் பதிப்பு அது. அந்த நற்றிணைக்குள்ளும் கோபாலையரின் பாடம் இருக்கிறது.

தங்கையே, பிள்ளையவர்களையும் கோபாலையரையும் சேர்த்துப் பாருங்கள். இருவரும் செய்தது ஒன்றுதான். எதிரே உட்கார்ந்திருக்கும் ஒருவருக்கு, அவசரப்படாமல், ஓர் அடியைப் பிரித்து, பொருள் சொல்லி, ஐயம் தீர்த்து, அடுத்த அடிக்குப் போனார்கள். புத்தகமாக வந்தவை பிறகு வந்தவை. கட்டடத்துக்குப் பணம் கொடுப்பவரையும் நாம் நன்றியோடு நினைக்க வேண்டும். அந்தச் சுவர்களுக்குள் இப்படி ஒருவர் உட்காராவிட்டால் அங்கே கல்வி நடக்காது.

மனப்பாடம் பற்றியும் ஒரு வார்த்தை. பொருள் தெரியாமல் ஒப்பிப்பதை நானும் விரும்பவில்லை. ஆனால் நெஞ்சில் பாட்டே இல்லாத மாணவர், பிழையான பாடத்தைப் பார்த்தால் பிழை என்று அறியமாட்டார். நூற்றுக்கணக்கான பாடல்களின் ஓசை காதில் இருந்ததால்தான் அந்த அறிஞர்களுக்குச் சீர் தட்டும் இடம் உடனே தெரிந்தது. கணினியில் தேடினால் ஒரு சொல் எங்கெங்கே வருகிறது என்று நொடியில் காட்டிவிடும். அது பெரும் உதவி. அந்த இடத்தில் அந்தச் சொல் பொருந்துமா என்று முடிவு செய்ய, படித்த மனம் வேண்டும்.

நீங்கள் செய்யக்கூடியதைச் சொல்லி முடிக்கிறேன். மதிப்பெண்ணுக்கான பாடம் முடிந்த பிறகு, வாரத்தில் ஒரு மாலையை ஒரே ஒரு நூலுக்கு ஒதுக்குங்கள். சிறுபாணாற்றுப்படையையே எடுத்துக்கொள்ளலாம். நெய்தல் நிலத்தைப் பற்றி உங்கள் பிள்ளைகளுக்கு யாரும் விளக்க வேண்டியதில்லை. கடலும் வலையும் உப்பும் அவர்கள் வீட்டுச் செய்தி. நான்கு அடிகள் போதும். பிரித்துப் படியுங்கள், வாய்விட்டுச் சொல்லச் செய்யுங்கள், கேள்வி கேட்க விடுங்கள். உங்களுக்கே ஐயம் வரும் இடங்களைக் குறித்து வைத்துக்கொண்டு, புதுச்சேரி நூலகங்களுக்குச் சென்று தேடுங்கள். மூத்த தமிழாசிரியர் ஒருவரைக் கண்டுபிடித்துப் பாடம் கேளுங்கள். ஒரு கையால் வாங்கி மறுகையால் கொடுப்பவராக இருங்கள்.

பத்துப் பிள்ளைகளில் ஒருவர் நாளை உங்களைவிட நன்றாகப் படித்துவிட்டால், உங்கள் கேள்விக்குப் பதில் கிடைத்துவிட்டது என்று பொருள். தொடங்குங்கள். எந்த நூலைத் தொடங்கினீர்கள் என்று எனக்கு எழுதுங்கள்.

அன்புடன்,
உங்கள் அண்ணன்