ரஜூலாவின் உடன்பிறப்பு எது?

கேள்வி: என் தாத்தா மலேயா போனது 'ரஜூலா' கப்பலில். டைட்டானிக்குக்கு சகோதரிக் கப்பல்கள் இருந்ததுபோல் அதற்கும் உண்டா? எங்கள் தெருப் பெரியவர் ஒருவர், நம் மாவட்டத்து ஊரின் பெயர் கொண்ட 'சிதம்பரம்' கப்பல்தான் ரஜூலாவின் தங்கை என்று அடித்துச் சொல்கிறார். உண்மையா?
- வாசகர், காடாம்புலியூர்

பதில்: பெரியவர் தப்பாகச் சொல்கிறார். ஆனால் அவர் ஏன் அப்படி நினைக்கிறார் என்பது புரிகிறது.

ஒரே வரைபடத்தை வைத்து, ஒரே வேலைக்காகக் கட்டும் கப்பல்களைத்தான் சகோதரிகள் என்பார்கள். ஒலிம்பிக், டைட்டானிக், பிரிட்டானிக் மூன்றும் அப்படிப்பட்டவை. டைட்டானிக் 1912-இல் முதல் பயணத்திலேயே மூழ்கிப் போனது. பிரிட்டானிக் 1916-இல் மருத்துவமனைக் கப்பலாக இருந்தபோது கண்ணிவெடியில் சிக்கி மூழ்கியது. மூத்தவளான ஒலிம்பிக் மட்டும் 1935 வரை ஓடினாள். ஒரே அச்சில் வார்த்தாலும் தலையெழுத்து ஒன்றாக இருப்பதில்லை.

ரஜூலா விஷயத்திலும் அதே கதைதான். பி.ஐ. கம்பெனி, அதாவது பிரிட்டிஷ் இந்தியா ஸ்டீம் நாவிகேஷன், 1926-இல் இறக்கிய ஜோடி ரஜூலாவும் ரோனாவும். ரஜூலா கிளாஸ்கோவில் கட்டியது, ரோனா நியூகாசிலில். இரண்டும் எட்டாயிரத்துச் சொச்சம் டன். எஞ்சினில் மட்டும் வித்தியாசம் உண்டு: ரஜூலாவில் நீராவி மூன்று கட்டமாக விரியும், ரோனாவில் நான்கு கட்டம். ரஜூலா பெண் பெயர் என்று பலர் நினைக்கிறார்கள். குஜராத்தில் அந்தப் பெயரில் ஓர் ஊர் இருக்கிறது. இந்திய ஊர்ப் பெயர்களைக் கப்பலுக்கு வைப்பது அந்தக் கம்பெனியின் வழக்கம்.

இரண்டுக்கும் முதல் நோக்கம் டெக் பயணிகள்தான். ஆரம்பத்தில் ஒவ்வொன்றிலும் ஐயாயிரம் பேருக்கு மேல் ஏற்ற அனுமதி இருந்தது. டைட்டானிக்கில் போனவர்கள் மொத்தமே சுமார் 2,200 பேர். டெக் பயணிகளுக்குக் காபின் கிடையாது, கட்டில் கிடையாது. பாயை விரித்து, தகரப் பெட்டியைத் தலைமாட்டில் வைத்தால் அதுதான் உங்கள் இடம். நாகப்பட்டினத்தில் கப்பல் கரைக்கு வராது. தூரத்தில் நங்கூரமிட்டு நிற்கும், படகில் போய் ஏற வேண்டும். பண்ருட்டியில் ரயிலேறி மாயவரம், திருவாரூர் வழியாக நாகை போனவர்கள் உங்கள் பக்கத்தில் நிறைய இருந்திருப்பார்கள். தூரத்தில் தெரியும் கறுப்புப் புகைப்போக்கியில் இரண்டு வெள்ளைப் பட்டை இருந்தால், அது பி.ஐ. கப்பல்.

ரோனாவின் முடிவு கொடுமையானது. இரண்டாம் உலகப் போரில் படைக்கப்பலாக மாற்றினார்கள். 1943 நவம்பர் 26 அன்று, இந்தியா நோக்கி வந்துகொண்டிருந்த அமெரிக்கச் சிப்பாய்களுடன் அல்ஜீரியா கடலோரம் போய்க்கொண்டிருந்தது. ஜெர்மன் விமானம் ஒன்று ரேடியோவால் திசை திருப்பும் குண்டை ஏவி அதை மூழ்கடித்தது. ஆயிரத்துக்கும் மேற்பட்ட அமெரிக்கர்கள் இறந்தார்கள். பெரும்பாலும் இந்தியர்களான கப்பல் ஊழியர்களில் நூற்றுக்கு மேற்பட்டோரும் போனார்கள். அமெரிக்க அரசு விவரங்களை நெடுங்காலம் வெளியே விடவில்லை. டைட்டானிக்குக்கு எத்தனை சினிமா! ரோனாவின் பெயரோ நம் ஊரில் யாருக்கும் தெரியாது. எனக்கு இதில் ஆதங்கம் உண்டு.

ரஜூலாவும் போர்ப்பணிக்குப் போய்த் திரும்பியது. டெக் பயணிகளின் எண்ணிக்கையை வெகுவாகக் குறைத்துக்கொண்டு, சென்னை, நாகை, பினாங்கு, சிங்கப்பூர் என்று பழைய தடத்திலேயே ஓடியது. 1973-இல் இந்தியக் கப்பல் கழகம் வாங்கி 'ரங்கத்' என்று பெயர் மாற்றியது. மறு ஆண்டே பம்பாயில் உடைத்துவிட்டார்கள்.

பெரியவரின் குழப்பம் இங்கேதான் வருகிறது. ரஜூலா விட்ட தடத்தில் அதே கழகம் ஓட்டிய கப்பல்தான் எம்.வி. சிதம்பரம். அது 1966-இல் பிரான்சின் டன்கிர்க்கில் 'பாஸ்டர்' என்ற பெயரில் கட்டியது; ரஜூலாவைவிட இரண்டு மடங்கு பெரியது, டீசலில் ஓடுவது. தங்கை அல்ல, அந்த வீட்டுக்குப் பின்னாளில் குடிவந்தவள் என்று வைத்துக்கொள்ளுங்கள். 1985 பிப்ரவரியில் நடுக்கடலில் தீப்பிடித்துப் பயணிகள் பலர் இறந்தார்கள். அதோடு அதன் ஓட்டமும் நாகையிலிருந்து மலேசியா போகும் கப்பல் போக்கும் நின்றன.

தாத்தாவின் தகரப் பெட்டியில் பழைய பாஸ்போர்ட்டோ பயணச்சீட்டோ கிடைத்தால் தேதியைப் பாருங்கள். 1973-க்குப் பிந்தியது என்றால், அவர் ஏறியது ரஜூலா அல்ல.