ஐப்பசி மழைக்கு முன்: பல்லி வெளியே இருக்கட்டும், உயிரோடு இருக்கட்டும்

புரட்டாசி பிறந்துவிட்டது. கொலு வைக்கிற வீடுகளில் பரணிலிருந்து பெட்டிகள் இறங்கப் போகின்றன. கொலு இல்லாத வீட்டிலும் சரஸ்வதி பூசைக்கு ஒட்டடை அடித்து, அலமாரி ஒதுக்கி, சுவரோரம் துடைக்கிற வேலை இருக்கும். பல்லித் தொல்லைக்கு வழி தேடுகிறவர்கள் வேலையைத் தொடங்க வேண்டிய நேரம் இதுதான். ஐப்பசி பிறந்ததும் வடகிழக்குப் பருவமழை வந்துவிடும். தமிழ்நாட்டுக்கு ஆண்டு முழுவதும் கிடைக்கிற மழையில் ஏறக்குறைய பாதி அந்த மூன்று மாதத்தில்தான் கொட்டுகிறது. முதல் மழை விட்ட மாலையில் ஈசல் கிளம்பும். ஈசலும் அந்துப்பூச்சியும் வாசல் விளக்கை மொய்க்கும், அவற்றைத் தேடிப் பல்லிகள் வரும். அப்போது துடைப்பத்தோடு நின்றால் நாலை விரட்டுவதற்குள் ஐந்தாவது உள்ளே போய்விடும். அதற்குள் நாலு வாரம் கையில் இருக்கிறது. பூசிய பட்டியும் சிமென்ட்டும் ஒழுங்காகக் காய்வதும் இந்த வெயிலில்தான்.

முதலில் ஒன்றைச் சொல்லிவிடுகிறேன். நம் வீட்டுச் சுவரில் ஓடுகிற பல்லி எதற்கும் விஷம் கிடையாது. கொசு, அந்துப்பூச்சி, ஈசல், சின்னக் கரப்பான் இவைதான் அதன் சாப்பாடு. காஞ்சிபுரம் வரதராசப் பெருமாள் கோயிலில் தங்கப் பல்லியையும் வெள்ளிப் பல்லியையும் தொட்டுக் கும்பிட்டுவிட்டு வருகிறோம். அதே கையால் வீட்டில் ஒன்றை அடித்துக் கொல்ல எனக்கு மனம் வருவதில்லை. ஆனாலும் சமையலறையில் அது இருக்கக் கூடாது. பல்லியின் எச்சத்தில் சால்மொனெல்லா கிருமி இருப்பதுண்டு. தவழ்கிற குழந்தை உள்ள வீட்டில் அதை அலட்சியமாக விட முடியாது. ஆகவே கேள்வி, பல்லியை என்ன செய்வது என்பதல்ல. அதை உள்ளே அழைப்பது எது என்பதுதான்.

பெரும்பாலும் விளக்குதான். எங்கள் வீட்டில் வாசல் டியூப்லைட் நிலைப்படிக்கு நேர் மேலே இருந்தது. ராத்திரி எட்டு மணிக்கு எண்ணினால் அதைச் சுற்றி ஆறேழு பல்லி இருக்கும். கதவைத் திறக்கிறபோதெல்லாம் ஒன்று உள்ளே ஓடும். எலக்ட்ரீஷியனைக் கூப்பிட்டு அந்த விளக்கைக் கழற்றி, பத்தடி தள்ளி கேட் தூணில் மாட்டச் சொன்னோம். வெள்ளை டியூப்லைட்டுக்குப் பதில் மஞ்சள் எல்.இ.டி. பல்பு. பூச்சிகளுக்கு நீலம் கலந்த வெள்ளை வெளிச்சம் பிடித்த அளவுக்கு மஞ்சள் பிடிப்பதில்லை. ஒரு வாரத்தில் பல்லிக் கூட்டம் தூணுக்குப் போய்விட்டது. இன்றும் அங்கேதான் இருக்கின்றன. வீட்டுக்குள் வருவது அபூர்வமாகிவிட்டது. பல்பு வாங்கும்போது பெட்டியில் 2700 கெல்வின் அல்லது 3000 கெல்வின் என்று இருக்கிறதா என்று பாருங்கள். 6500 என்று போட்டிருந்தால் அது வெள்ளை. இடம் மாற்ற முடியாத வாடகை வீட்டில், அடுக்குமாடியில், பல்பையாவது மாற்றுங்கள். விளக்கு வைக்கிற நேரத்தில் சன்னல் திரையை இழுத்துவிடுங்கள். உள்வெளிச்சம் வெளியே தெரியாமல் இருந்தாலே பாதிப் பூச்சி வராது.

அடுத்தது இடுக்கு. பென்சில் தடிமன் இடைவெளி இருந்தால் பல்லி நுழைந்துவிடும், குஞ்சுக்கு அதுவும் வேண்டாம். பகலில் கதவைச் சாத்திக்கொண்டு உள்ளே நின்று பாருங்கள். எங்கெல்லாம் வெளிச்சம் கீற்றாகத் தெரிகிறதோ அங்கெல்லாம் வழி இருக்கிறது. கதவின் அடியில் ரப்பர் பட்டையோ பிரஷ் பட்டையோ அடித்துவிடலாம். ஏ.சி. குழாய் சுவரைத் துளைக்கிற இடத்தை மேஸ்திரிகள் பெரும்பாலும் அப்படியே விட்டுவிடுவார்கள். அதை வெள்ளை சிமென்ட்டோ சிலிக்கான் பசையோ வைத்து அடைக்க வேண்டும். எக்ஸாஸ்ட் ஃபேனுக்கு வெளிப்பக்கம் வலை. தரையில் தண்ணீர் போகிற துளைக்குச் சல்லடை மூடி. சன்னலுக்குக் கொசுவலை இருந்தாலும் மூலையில் கிழிந்திருக்கும், அதையும் தைத்துவிடுங்கள்.

அடைக்கிற வேலையில் ஒரு கவனம் வேண்டும். பகலில் பல்லி இடுக்குக்குள் தூங்கிக்கொண்டிருக்கும். அப்போது பூசிவிட்டால் அது உள்ளேயே செத்துவிடும். நாலு நாள் நாற்றம் எங்கிருந்து வருகிறது என்று வீடெல்லாம் தேடுவோம். சாவும் கொடிய சாவு. இருட்டி ஒரு மணி நேரம் கழித்து, அது இரை தேடி வெளியே வந்தபின், டார்ச் அடித்து உள்ளே எதுவும் இல்லை, முட்டையும் இல்லை என்று பார்த்துவிட்டு அடையுங்கள். எங்கள் மேஸ்திரி முதலில் தயங்கினார். காரணம் சொன்னதும் அவரே டார்ச்சைப் பிடித்துக்கொண்டு நின்றார்.

சுவரோடு ஒட்டித் தொங்குகிற காலண்டர், சாமி படம், பீரோவின் பின்புறம் இவைதான் பல்லியின் பகல் வீடு. அதற்கு வேண்டியது முதுகும் வயிறும் உரசுகிற மாதிரி ஒடுக்கமான இடம். படத்துக்குப் பின்னால் நாலு மூலையிலும் கார்க் துண்டு ஒட்டிச் சற்று விலக்கி மாட்டினால் அதற்கு அங்கே தங்கப் பிடிக்காது. பீரோவை ஒரு சாண் நகர்த்துங்கள். பழைய காலண்டர்களை இந்தச் சரஸ்வதி பூசையோடு கழற்றிவிடுங்கள்.

செய்யக் கூடாதவற்றைச் சற்று விரிவாகச் சொல்ல வேண்டியிருக்கிறது. பசை அட்டை வாங்கி வைக்காதீர்கள். மூன்று வருடத்துக்கு முன் எலிக்காக ஸ்டோர் ரூமில் ஒன்று வைத்தோம். காலையில் பார்த்தால் ஒரு பல்லி, வயிறும் நாலு காலும் ஒட்டியபடி, தலையை மட்டும் தூக்கித் தூக்கிப் பார்த்துக்கொண்டிருந்தது. வாலை ஏற்கனவே உதிர்த்திருந்தது, அதுவும் பக்கத்தில் பசையில் கிடந்தது. பிய்த்து எடுக்கப் போனால் தோல் கிழிந்துவிடும். கிண்ணத்தில் நல்லெண்ணெய் எடுத்து, காது குடைகிற பஞ்சுக் குச்சியால் ஒவ்வொரு விரலுக்கடியிலும் தொட்டுத் தொட்டு விட்டோம். விரலின் அடியில் வரிவரியாக இருக்கிற அந்தத் திண்டுகளில் கண்ணுக்குத் தெரியாத நுண்மயிர்கள் லட்சக்கணக்கில் உண்டு. வழுவழுப்பான கண்ணாடியிலும் அது ஏறுவது அவற்றால்தான். அத்தனையிலும் பசை. ஒரு கால் விடுபட இருபது நிமிடம் ஆனது. நாலும் விடுபட்டபின் மல்லிகைச் செடியடியில் நிழலில் விட்டோம். வெகுநேரம் அசையவில்லை, சாயங்காலம் பார்த்தபோது அங்கே இல்லை. பிழைத்ததா என்று தெரியாது. அன்றோடு எங்கள் வீட்டில் பசை அட்டைக்கு இடமில்லை.

அந்துருண்டையை மூலைக்கு மூலை போடுகிற வழக்கமும் வேண்டாம். அதிலிருந்து வருகிற நாப்தலின் ஆவி பச்சைக் குழந்தைகளுக்கு ஆகாது. ஜி6பிடி என்ற நொதி குறைவாக உள்ள குழந்தைக்கு ரத்த அணுக்கள் சிதைந்து மஞ்சள் காமாலை வரை கொண்டுபோகும். மிட்டாய் என்று வாயில் போட்டுக்கொள்கிற அபாயம் வேறு. புகையிலைத் தூளையும் காப்பித் தூளையும் உருட்டி வைப்பது விரட்டுவதற்கல்ல, கொல்வதற்கு. நிக்கோட்டின் விஷம், பூனையும் குழந்தையும்கூட அதை எடுக்கலாம். மிளகுத் தண்ணீர் தெளித்தால் பல்லிக்குக் கண் எரியும், நமக்கும் எரியும், மறுநாள் அது அதே இடத்தில் இருக்கும். முட்டை ஓடும் மயிலிறகும் வைத்துப் பார்த்தாயிற்று. எங்கள் பூசையறையில் மயிலிறகுக் கட்டுக்குப் பின்னாலேயே ஒன்று குடியிருந்தது. கரப்பானுக்கு அடிக்கிற ஸ்ப்ரேயை அதன் மேல் அடித்தால் உடனே சாகாது, துடித்துச் சாகும். செய்யாதீர்கள்.

சமையலறைக்கு வேண்டியது எளிது. ராத்திரி படுக்கப் போகுமுன் பால் பாத்திரம், இட்லி மாவு, குடிநீர்க் குடம் எல்லாவற்றுக்கும் பொருத்தமான மூடி போடுங்கள். தட்டை அரைகுறையாகச் சாய்த்து வைப்பது மூடியாகாது. சிங்க்கை ஈரம் போகத் துடைத்துவிடுங்கள், பல்லி வருவது தண்ணீருக்கும்தான். எச்சத்தைக் காய்ந்தபடி பெருக்காமல், ஈரத்துணியால் நனைத்து எடுத்து, சோப்புத் தண்ணீரால் துடைத்து, கையைக் கழுவுங்கள். சாப்பாட்டில் பல்லி விழுந்துவிட்டால் அந்தச் சாப்பாட்டைக் கொட்டிவிடுவதே சரி. தெரியாமல் சாப்பிட்டிருந்தால் விஷம் ஏறிவிட்டது என்று பதற வேண்டாம். வாந்தியோ வயிற்றுப்போக்கோ வந்தால் உப்பு சர்க்கரைக் கரைசல் கொடுத்து மருத்துவரிடம் போங்கள். குழந்தைக்கும் முதியவருக்கும் காத்திருக்கவே வேண்டாம்.

இத்தனைக்குப் பிறகும் ஒன்று உள்ளே வந்தால் பிடித்து வெளியே விடலாம், பயப்பட ஏதுமில்லை. வாயகன்ற பிளாஸ்டிக் டப்பா ஒன்று, கெட்டியான கல்யாணப் பத்திரிகை ஒன்று. பல்லி சுவரில் நிற்கும்போது டப்பாவை மெதுவாக அதன் மேல் கவிழ்த்து, விளிம்பு வாலில் படாமல் பார்த்து, பத்திரிகையைச் சுவருக்கும் டப்பாவுக்கும் நடுவே நுழையுங்கள். கால் பெயர்ந்ததும் டப்பாவுக்குள் போய்விடும். அட்டையை அழுத்திப் பிடித்தபடி கொண்டுபோய்ச் சுற்றுச்சுவரிலோ மரத்தடியிலோ விடுங்கள். உச்சிவெயிலில் விட வேண்டாம், பொழுது சாய்ந்தபின் விடுங்கள். வால் அறுந்தால் மறுபடி முளைக்கும். ஆனால் வாலில்தான் அது கொழுப்பைச் சேர்த்து வைக்கிறது, அதை இழப்பது அதற்குச் சின்ன விஷயமல்ல.

ஸ்விட்ச் போர்டுக்குள் பல்லி போவது பற்றிப் பலர் கேட்கிறார்கள். அங்கே கதகதப்பு உண்டு, அதனால் போகிறது. இரண்டு கம்பியைத் தொட்டால் அதுவும் சாகும், லைனும் ஷார்ட் ஆகும். மழைக்கு முன் மெயினை நிறுத்தி, எலக்ட்ரீஷியனை வைத்து, பைப் நுழைகிற துளைகளையும் காலியான ஸ்விட்ச் இடங்களையும் மூடிவிடுங்கள். நாமாகச் செய்யக் கூடாத வேலை இது.

தோட்டத்துக்கு வருவோம். வேலியில் தலையாட்டுகிற ஓணான் வீட்டுக்குள் வருகிற ஜீவனே அல்ல, செடிப் பூச்சிகளைத் தின்றுகொண்டு அது பாட்டுக்கு இருக்கும். பிள்ளைகள் கல்லெடுத்தால் தடுங்கள். அரணை கடித்தால் மரணம் என்று சொல்லி அடிப்பவர்கள் இன்னும் இருக்கிறார்கள். அரணைக்கும் விஷமில்லை, அது சருகுக்கடியில் புழு தேடுகிற சாது. அது வாசல்வரை வருவது பிடிக்கவில்லையென்றால் செங்கல், ஓடு, விறகுக் குவியலைக் கதவிலிருந்து தள்ளி வையுங்கள். எடுக்கும்போது செருப்போ ஷூவோ போட்டு, குச்சியால் தட்டிவிட்டு எடுங்கள், கீழே பாம்பு இருக்கலாம். உடும்பு வந்தால் கதையே வேறு. கோழி முட்டைக்கு வந்திருக்கும், வழிவிட்டால் தானே போய்விடும். வழி தெரியாமல் அறைக்குள் மாட்டிக்கொண்டால் கதவைச் சாத்திவிட்டு வனத்துறைக்குச் சொல்லுங்கள். 1972ஆம் ஆண்டு வன உயிரினப் பாதுகாப்புச் சட்டத்தில் அது முதல் அட்டவணையில் இருக்கிறது. பிடிப்பதும் அடிப்பதும் குற்றம்.

கடைசியாகக் கொலுப் பெட்டி. வைக்கோலையும் பழைய வேட்டித் துணியையும் விலக்கும்போது, பொம்மையின் மடியிலோ பெட்டி மூலையிலோ சிறு பட்டாணி அளவில் இரண்டு வெள்ளை முட்டைகள் இருக்கலாம். பெரும்பாலும் இரண்டுதான் இடும். ஓட்டில் ஓட்டை இருந்தால் பொரித்துப் போன பழைய ஓடு, எடுத்துப் போட்டுவிடுங்கள். முழுதாக இருந்தால் கொஞ்சம் பொறுங்கள். உள்ளே இருக்கிற கரு ஓட்டின் ஒரு பக்கத்தோடு ஒட்டியிருக்கும், முட்டையைப் புரட்டினால் அது பிழைப்பது கடினம். எந்தப் பக்கம் மேலே இருக்கிறதோ அதே பக்கம் மேலே இருக்கும்படி, ஸ்பூனால் துணியோடு சேர்த்து எடுங்கள். கொட்டாங்கச்சியில் கொஞ்சம் தேங்காய் நார் போட்டு அதில் வைத்து, மழைச்சாரலும் எறும்பும் படாத இடமாகப் பார்த்து, வெளிச்சுவர் ஓரம் வைத்துவிடுங்கள். தாய்ப்பல்லி அடைகாப்பதில்லை, தேடியும் வராது. இட்டதிலிருந்து ஒன்றரை முதல் இரண்டு மாதத்தில் பொரியும். கையைக் கழுவிவிட்டுப் பொம்மைகளைத் துடைக்கத் தொடங்கலாம். அந்தக் கொட்டாங்கச்சியை மட்டும் கார்த்திகை தீபம் வரை யாரும் நகர்த்த வேண்டாம் என்று வீட்டில் சொல்லிவையுங்கள்.