லுக்லா போகிறீர்களா? மூன்று நாள் கூட்டி வையுங்கள்

காத்மாண்டுவிலிருந்து டெல்லி வழியாகச் சென்னை திரும்ப நான் டிக்கெட் எடுத்திருந்தது ஒரு புதன்கிழமைக்கு. வியாழக்கிழமை இரவும் நான் லுக்லாவில்தான் இருந்தேன், விடுதிச் சாப்பாட்டுக்கூடத்து அடுப்பருகே, கையில் சுடுதண்ணீர்க் கோப்பையோடு. விடியுமுன் மூட்டை கட்டுவது, விமான நிலையம் போவது, மேகத்தைப் பார்த்துவிட்டுத் திரும்புவது. மூன்று நாளாக இதே வேலை. எவரெஸ்ட் அடிவார முகாமுக்கு லுக்லாவிலிருந்து நடக்கக் கிளம்பும் நம்மூர்க்காரர்கள் இப்போது அதிகம். நான் பட்டுத் தெரிந்துகொண்டது அவர்களுக்குப் படாமலே தெரியட்டும் என்று எழுதுகிறேன்.

முதலில் அந்த ஓடுபாதை. லுக்லா, நேபாளத்தின் சோலுகும்பு மாவட்டத்தில், சுமார் 2,845 மீட்டர் உயரத்தில் இருக்கும் ஷெர்பா ஊர். ஓடுபாதையின் நீளம் 527 மீட்டர்தான். அதுவும் சமதளம் இல்லை, ஏறக்குறைய 12 சதவீதச் சரிவு. ஒரு முனைக்கும் மறுமுனைக்கும் இருபது மாடி உயர வித்தியாசம். இறங்கும் விமானம் மேட்டில் ஏறி வேகம் தணிகிறது. கிளம்பும் விமானம் பள்ளத்தை நோக்கி ஓடி வேகம் பிடிக்கிறது. மேல்முனையில் மலை, கீழ்முனையில் தூத்கோசி ஆற்றுப் பள்ளத்தாக்கு. நெருங்கி வந்தபின் சரியில்லை என்று மறுபடி மேலே எழும்ப வழி கிடையாது. விமானி கண்ணால் பார்த்துத்தான் இறக்க வேண்டும். பள்ளத்தாக்கில் மேகம் ஏறிவிட்டால் அன்றைய போக்குவரத்து அவ்வளவுதான்.

இது தெரியாமல் இரண்டாம் நாள் கவுன்டரில் இருந்த இளைஞரிடம் கத்திவிட்டேன். அவர் பதிலுக்குக் கத்தவில்லை. என்னை வெளியே கூட்டிப்போய், கீழே வெள்ளையாக மூடிக்கிடந்த திசையைக் காட்டினார். “அங்கே ஒரு மலைமுகடு இருக்கிறது, தாய். அது என் கண்ணுக்குத் தெரியும்போது நீங்கள் போவீர்கள்” என்றார். நேபாளியில் ‘தாய்’ என்றால் அண்ணன். வெட்கமாகிவிட்டது.

இனி நான் கற்ற பாடங்கள்.

காலையின் முதல் விமானத்தைக் கேளுங்கள். பொழுது ஏற ஏறக் காற்று பலக்கும், மேகமும் ஏறிவரும். பத்து மணி விமானம் கிடைக்கிறதே என்று எடுத்தால், அது கிளம்புவது அதிர்ஷ்டத்தைப் பொறுத்தது.

எங்கிருந்து பறக்கிறீர்கள் என்று பணம் கட்டுமுன் கேளுங்கள். கூட்டம் மிகுந்த பருவங்களில், காத்மாண்டு நிலையத்தின் நெரிசலால், லுக்லா விமானங்களை ராமேசாப் மாவட்டத்து மந்தலிக்கு மாற்றிவிடுவார்கள். மந்தலிக்குச் சாலையில் நாலைந்து மணி நேரம். நள்ளிரவு தாண்டியதும் ஜீப்பில் ஏற வேண்டும். மலைவளைவுகளில் வயிறு புரட்டும் என்றால் மாத்திரையை முன்பே போட்டுக்கொள்ளுங்கள். அங்கிருந்து பறக்கும் நேரம் இருபது நிமிடத்துக்குள்தான்.

எடையில் ஏமாற்ற நினைக்காதீர்கள். பெரும்பாலும் பெட்டியும் கைப்பையும் சேர்த்து 15 கிலோதான். வருவது இருபது பேருக்குள் ஏற்றும் சின்ன விமானம். ஒவ்வொரு கிலோவுக்கும் கணக்கு உண்டு. எடை கூடினால் உங்கள் பை அடுத்த விமானத்தில் வரலாம், மறுநாளும் வரலாம். அதனால் மருந்து, பணம், ஒரு கம்பளிச் சட்டை மூன்றும் தோள்பையிலேயே இருக்கட்டும்.

போகும்போது இடப்பக்கம் உட்காருங்கள். பனிமலைகள் அந்தப் பக்கம்தான். இருக்கை எண் பெரும்பாலும் இருக்காது, முந்தியவருக்கே சன்னல். காதில் வைக்கப் பஞ்சும் வாயில் போட மிட்டாயும் கொடுப்பார்கள். இரண்டையும் வாங்கிக்கொள்ளுங்கள்.

இறங்கியதும் ஓடாதீர்கள். காத்மாண்டுவின் 1,300 மீட்டரிலிருந்து 2,800 மீட்டருக்கு அரைமணியில் வந்திருக்கிறது உடம்பு. முதல் இரவு தங்குவதற்கு ஃபாக்டிங் நல்ல இடம். அது லுக்லாவைவிடத் தாழ்வாக, சுமார் 2,610 மீட்டரில் இருக்கிறது.

நாலாம் நாள் காலை முகடு தெரிந்தது. விமானம் வருவதை அறிவிக்கும் சங்கு ஊதியது. இறங்கிய விமானத்திலிருந்து முதலில் வெளியே வந்தவை காய்கறிக் கூடைகளும் முட்டை அட்டைகளும்தான். எங்கள் விடுதி நடத்தும் அக்கா அதில் தன் மூட்டையைத் தேடிக்கொண்டிருந்தார். மூன்று நாளாக அவர் விடுதியிலும் தக்காளி இல்லை. நான் ஒருவன்தான் மாட்டிக்கொண்டதாக நினைத்திருந்தேன்.

உலகின் மிக ஆபத்தான விமான நிலையம் என்று யூடியூபில் காட்டுவது இந்த ஊரின் சந்தைப் பாதை. 1964-ல் எட்மண்ட் ஹிலாரி, ஷெர்பாக்களுக்குப் பள்ளியும் மருத்துவமனையும் கட்டச் சாமான் கொண்டுவருவதற்காக இதை அமைத்தார். கீழே இருந்த சமநிலத்தை விவசாயிகள் தர மறுத்ததால்தான் இந்தச் சரிவுக்கு வந்தார்கள். மண் இறுகுவதற்கு ஊராரைக் கால் தட்டி ஆடச் சொன்னாராம். 2001-ல்தான் தார் போட்டார்கள். 2008 முதல் டென்சிங் – ஹிலாரி விமான நிலையம் என்று பெயர்.

விமானம் நின்றால் ஹெலிகாப்டர் பிடிக்கலாம் என்பார்கள். அதற்குப் பணம் அதிகம், அடர்ந்த மேகத்தில் அதுவும் வராது. என்னைக் கேட்டால், அந்தப் பணத்தை நாளாக மாற்றிக்கொள்ளுங்கள். காத்மாண்டுவிலிருந்து ஊர் திரும்பும் டிக்கெட்டை மூன்று நாள் தள்ளி எடுங்கள். லுக்லாவில் வானம் தெளிவாக இருந்து அந்த நாட்கள் மிச்சமானால், காத்மாண்டுவை அடுத்த பாட்டன் நகரைச் சுற்றிப் பாருங்கள். மிச்சமாகவில்லை என்றால், கவுன்டரில் இருக்கும் பிள்ளையிடம் மட்டும் கத்தாதீர்கள்.