பெப்டைஸேஷன் என்னும் இரசாயனச் சொல்லும் களர் நிலமும்

உப்புப் பூத்த நிலத்தில் நல்ல நீரைக் கட்டி வடித்தால் நிலம் திருந்திவிடும் என்பது விவசாயிகளிடையே நெடுநாளாக வேரூன்றிய எண்ணம். நிலங்களுள் ஒரு வகைக்கு இது முற்றிலும் பொருந்தும். மற்றொரு வகைக்கோ இதனினும் கேடு செய்யும் முறை வேறொன்றில்லை. நீரைக் கட்டக் கட்ட அந்நிலம் மேன்மேலும் இறுகி, நீர் உள்ளிறங்காது, ஏரோடினால் பாளம் பாளமாகப் பெயர்ந்து, விதைத்தது முளையாமற் போகும். செலவும் ஒரு போகமும் வீணானபின், வாய்க்கால் நீரில் குற்றம் என்றோ மண்ணின் விதி என்றோ சொல்லி அதைத் தரிசாக விட்டுவிடுவது வழக்கம். நீரிலும் குற்றமில்லை, விதியும் இல்லை. நேர்ந்தது இன்னதென்பதைக் குறிக்க இரசாயன நூலில் ஒரு தனிச்சொல் உண்டு. அது பெப்டைஸேஷன் என்பது. அதன் பொருளைத் தெளிய அறிந்தவர் எந்த நிலத்தை எப்பொழுது கழுவலாம், எப்பொழுது கழுவலாகாது என்பதைத் தாமே நிர்ணயித்துக்கொள்ளக் கூடும்.

இச்சொல்லை உண்டாக்கியவர் தாமஸ் கிரஹாம் என்னும் ஸ்காட்லாந்து தேசத்து அறிஞர். கொலாய்டு என்ற பெயரை 1861-ஆம் ஆண்டில் வழங்கச் செய்தவரும் அவரே. பசையைக் குறிக்கும் கிரேக்கச் சொல்லிலிருந்து அதை அவர் எடுத்தார். தமிழ்ப் பாடநூல்கள் இதனைக் கூழ்மம் என்கின்றன. உப்பும் சர்க்கரையும் நீரிற் கரைந்தால் அவற்றின் அணுத்திரள்கள் தனித்தனியே பிரிந்து நீரோடு ஒன்றாகிவிடும். நீர் தெளிவாகவே இருக்கும். கூழ்மத்தில் அப்படியன்று. ஒரு மில்லிமீட்டரில் ஆயிரத்தில் ஒரு பங்குக்கும் பத்து லட்சத்தில் ஒரு பங்குக்கும் இடைப்பட்ட பருமனுள்ள துகள்கள் கரையாமலும் அடியிற் படியாமலும் நீரில் மிதந்துகொண்டேயிருக்கும். பாலும் கஞ்சியும் வெள்ளக்காலத்து ஆற்றுநீரும் இவ்வினத்தவை. களிமண்ணின் மிக நுண்ணிய பகுதி முழுவதும் கூழ்மமே.

இரைப்பையில் ஊறும் பெப்ஸின் என்னும் நொதி, கட்டியான முட்டை வெண்கருவை இளக்கிப் பெப்டோன் என்னும் பொருளாக மாற்றுகிறது. 1864-ஆம் ஆண்டில் கிரஹாம், பாகுபோல் உறைந்திருந்த ஸிலிஸிக் அமிலத்தில் மிகச் சிறிதளவு காரச்சோடாவைச் சேர்த்துச் சூடேற்றினார். அவ்வுறைவு இளகி மீண்டும் நீர்போலாயிற்று. உணவு சீரணமாவதை இது ஒத்திருந்தமையால் இதற்குப் பெப்டைஸேஷன் என்று பெயரிட்டார். ஆக, திரண்டு கிடக்கும் கூழ்மத் துகள்கள் யாதேனுமொரு காரணத்தால் ஒன்றையொன்று விட்டு விலகி நீரில் பரவுதலே இச்சொல்லின் பொருள். கரைதல் வேறு, இது வேறு. கரைந்த பொருள் தன் உருவை இழக்கும். பெப்டைஸேஷன் அடைந்த களித்துகள் உருவில் சற்றும் மாறுவதில்லை. கூட்டத்தை விட்டுத் தனியே நிற்கிறது, அவ்வளவே. கிரஹாமின் முதற் பரீட்சையிலேயே துகள்களைப் பிரித்தது சோடா என்பதை விவசாயிகள் மனத்திற் கொள்வது நலம். களர் நிலத்திலும் அதே சோடாவின் கூறுதான் இவ்வேலையைச் செய்கிறது.

இதற்கு எதிரான செயலுக்குக் கிரஹாம் பெக்டைஸேஷன் என்ற பெயரை வழங்கினார். உறைதலைக் குறிக்கும் கிரேக்கச் சொல்லினின்று அது பிறந்தது. எதிர்மாறான பொருளுடைய இரண்டு சொற்களை ஓரெழுத்து வேற்றுமையில் அமைத்தது படிப்பவருக்குச் செய்த உபகாரம் என்று சொல்லுவதற்கில்லை. நல்வேளையாக இரண்டாவது சொல் வழக்கொழிந்தது; இப்பொழுது அவ்விடத்தில் பிளாக்குலேஷன் என்கிறார்கள். கம்பளிமயிர்க் கொத்தைக் குறிக்கும் லத்தீன் சொல்லே அதன் மூலம். மண்ணூலார் பெப்டைஸேஷனுக்குப் பதிலாக டிஸ்பெர்ஷன் என்று எழுதுவதும் உண்டு; களர் நிலத்தைப் பொறுத்தமட்டில் இரண்டும் ஒன்றே. திரட்சிக்கு உதாரணம் நம் வீடுகளிலேயே உண்டு. குடத்தின் உட்புறத்தில் தேற்றாங்கொட்டையைத் தேய்த்துக் கலங்கல் நீரை ஊற்றினால், கொட்டையினின்று கசியும் பொருள் மண் துகள்களை இணைத்துக் கொத்தாக்கி அடியிற் படியச் செய்கிறது. படிகாரமும் தன் வழியில் இதையே செய்கிறது.

துகள்கள் விலகுவதும் கூடுவதும் மின்சார விசையினால் நிகழ்வன. களித்துகள் ஒவ்வொன்றும் எதிர் மின்சாரம் உடையது. ஒத்த மின்சாரமுள்ளவை ஒன்றையொன்று தள்ளும். ஆயினும் அத்துகள்களைச் சுற்றி ஸோடியம், கால்ஸியம் முதலிய உலோகங்களின் நேர் மின் அணுக்கள் பற்றி நிற்பதால் அத்தள்ளுதல் தணிகிறது. கால்ஸியம் இரட்டை மின்னுடையது. துகளை நெருங்கிப் பற்றித் தள்ளுதலை அடக்கிவிடும். ஸோடியம் ஒற்றை மின்னுடையது; அன்றியும் நீரைத் தன்னைச் சுற்றிச் சேர்த்துக்கொண்டு துகளுக்கு எட்டவே நிற்கும். ஆதலின் ஸோடியம் மிகுந்த களி எளிதிற் பிரிகிறது. இந்த விதியை 1882-இல் ஷூல்ஸே என்பவரும் 1900-இல் ஹார்டி என்பவரும் நிலைநாட்டினர். ஆர்ஸெனிக் ஸல்பைடு என்னும் கூழ்மம் ஒரு லிட்டர் திரள்வதற்குச் சோற்றுப்பு 51 மில்லிமோல் வேண்டும். கால்ஸியம் குளோரைடு 0.65 மில்லிமோலே போதும். இவ்வளவு பெரிய வித்தியாசத்தின் மேல்தான் களர் நிலச் சீர்திருத்தம் முழுவதும் நிற்கிறது.

உப்பு மிகுதியாயிருந்தால் ஸோடியமும்கூடத் துகள்களைத் திரட்டி வைக்கும் என்பதை இங்கே கவனிக்கவேண்டும். இரசாயன சாலைகளில் பணிபுரிவோர் இதை நன்கறிவர். வெள்ளிக் குளோரைடு போன்ற வீழ்படிவை வடிதாளில் ஏந்தி வெறும் நீரால் கழுவினால், முதலில் உப்பு நீங்கும். சற்றுப் பொறுத்து, தாளில் நின்ற படிவும் பாலாகி வழிந்தோடும். உப்பு நீங்கியவுடன் துகள்கள் பிரிந்துவிட்டன; இது பெப்டைஸேஷனே. இதனால் அவர்கள் வெறும் நீரைத் தவிர்த்து, பின்னர் எளிதில் நீக்கத்தக்க யாதேனுமொரு அமிலமோ உப்போ சிறிது கலந்த நீரைக் கொண்டே கழுவுவர்.

வடிதாளில் நிகழ்வது வயலிலும் நிகழும். கடல்நீர் புகுந்த நிலத்தில் களி ஸோடியத்தால் நிறைந்துவிடுகிறது. எனினும் உப்பு நிறைய உள்ளவரையில் மண் பொலபொலவென்று நல்ல கட்டுடன் காணப்படும். மழைநீர் அவ்வுப்பைக் கழுவிவிட்டபின் நிலை மாறுகிறது. ஸோடியம் களியை விடாமல் பற்றி நிற்க, அதை அடக்கி வைத்த உப்பு போய்விட்டமையால், துகள்கள் பிரிந்து மண்ணின் கண்களை அடைத்துக்கொள்கின்றன. உவர் நிலம் களர் நிலமாகிவிட்டது. ஹாலந்து தேசத்தில் 1953-ஆம் ஆண்டு பிப்ரவரி 1-ஆம் தேதி விடியுமுன் கடல் கரைகளை உடைத்து விளைநிலங்களை மூழ்கடித்தபோது, அந்நாட்டு விவசாய அறிஞர்கள் இந்த அபாயத்தை முன்னரே அறிந்திருந்தனர். ஈரநிலத்தை உழுது குழப்பாதிருக்கவும், ஜிப்ஸம் இடவும் அவர்கள் வற்புறுத்தினர். 2004-ஆம் ஆண்டு டிசம்பர் 26-ஆம் தேதி ஆழிப்பேரலை நாகப்பட்டினம் கரையோர வயல்களில் உப்புநீரைப் பரப்பியபோதும், மழைநீரால் கழுவுதலோடு ஜிப்ஸமும் தக்கைப்பூண்டும் கைக்கொள்ளப்பட்டன.

தமிழில் உவர், களர் என இரண்டு சொற்கள் இருப்பது பெரும் வசதி. நீரிற் கரையும் உப்பு மிகுந்தது உவர்; களியிற் பற்றிய ஸோடியம் மிகுந்தது களர். ஆனால் ஊர்ப்பேச்சில் இரண்டும் மாறி வழங்குகின்றன. சலவைக்கு எடுக்கும் சோடா மண்ணை உவர்மண் என்று சொல்வதே இதற்குச் சான்று. கிராம அதிகாரிகளின் குறிப்புகளிலும் இவ்வேற்றுமை சிலவேளை மறைந்து போகிறது. மண்ணூலார் வகுத்த அளவின்படி, களி ஏந்தும் மின் அணுக்களில் நூற்றுக்குப் பதினைந்துக்கு மேல் ஸோடியமாயிருப்பின் அது களர். அதன் கார நிலை பெரும்பாலும் 8.5-க்கு மேற்பட்டிருக்கும்.

ஆய்வுசாலையின் முடிவு வருமுன் விவசாயி தாமே செய்து பார்க்கத்தக்க ஓர் எளிய பரீட்சை உண்டு. இதற்கு மழைநீரே வேண்டும். கிணற்றுநீரில் உள்ள உப்பு முடிவை மாற்றிவிடும். கண்ணாடித் தம்ளரில் நீரை நிரப்பி, காய்ந்த மண்கட்டி ஒன்றைப் பயற்றளவில் எடுத்து மெதுவாக அடியிலிட்டு, அசைக்காமல் இரண்டு மணிநேரம் விட்டுவைக்கவேண்டும். கட்டி உதிர்ந்து சிறு சிறு துணுக்குகளாகச் சரிந்து, நீர் மட்டும் தெளிவாயிருந்தால் அது பெப்டைஸேஷன் அன்று; காற்று வெளியேறியதனால் கட்டி உடைந்தது, அவ்வளவே. இதைக் களரின் அடையாளமென்று எண்ணிப் பலர் மயங்குவர். கட்டியைச் சுற்றிப் பாலாடைபோல் ஒரு கலங்கல் எழுந்து பரவி, மறுநாளும் படியாதிருந்தால் அதுவே களர். நீர் தெளிவாக நின்றாலும் நிலம் நல்லதென்று உடனே தீர்ப்பளிக்கலாகாது. மண்ணில் உப்பு மிகுதியாயிருந்து அதுவே துகள்களைத் திரட்டி வைத்திருக்கலாம். ஆகையால் அதே மண்ணில் ஒரு பிடி எடுத்து வேறு பாத்திரத்தில் மழைநீர் விட்டுக் கலக்கி, தெளிந்தபின் மேல்நீரை வடித்து, மீண்டும் புதுநீர் விடவேண்டும். இரண்டாம் முறையோ மூன்றாம் முறையோ நீர் தெளிய மறுக்குமாயின், அந்நிலத்தை வெறும் நீரால் கழுவுவது களரை வலிய வரவழைப்பதாகும். தெளியாத அந்த நீரில் ஜிப்ஸத்தூள் ஒரு சிட்டிகை கலந்தால் கலங்கல் கொத்துக் கொத்தாகத் திரண்டு கீழே இறங்குவதைக் கண்ணாற் காணலாம். வயலிலும் ஜிப்ஸம் செய்வது இதுவே.

ஜிப்ஸம் என்பது கால்ஸியமும் கந்தகாமிலமும் கூடிய உப்பு. ஒரு லிட்டர் நீரில் இரண்டரை கிராம் அளவே கரையும். அந்தச் சிறிதளவு கால்ஸியமும் களியில் உள்ள ஸோடியத்தைப் பெயர்த்துத் தான் அவ்விடத்தில் அமர்கிறது. பெயர்ந்த ஸோடியம் கரையும் உப்பாகி வடிநீரோடு செல்கிறது. வடிகால் இல்லையேல் அது போக வழியின்றி மண்ணிலேயே தங்கிவிடும். ஆகவே ஜிப்ஸத்துக்குச் செலவிடுமுன் வடிகாலுக்குச் செலவிடவேண்டும். ஏக்கரில் 15 சென்டிமீட்டர் ஆழத்து மண்ணின் எடை ஏறக்குறைய 900 டன். அம்மண்ணில் 100 கிராமுக்கு ஒரு மில்லி சமானம் ஸோடியத்தை அகற்ற, ஏக்கருக்குச் சுமார் 780 கிலோ தூய ஜிப்ஸம் தேவை. ஐந்து மில்லி சமானம் அகற்றவேண்டின் ஏறக்குறைய நான்கு டன். ஆய்வுசாலை கணக்கிட்ட முழு அளவில் பாதியை இட்டு நெல்லைப் பயிரிடத் தொடங்குவதே தமிழ்நாட்டில் சிபாரிசு செய்யப்படும் முறை. நிலத்தைச் சமன்செய்து, வரப்புயர்த்தி, தூளைப் பரப்பி, மேல்மண்ணில் மட்டும் கலந்து நீரைக் கட்டவேண்டும். ஆழ உழுதால் மருந்து அடிமண்ணில் சிதறிப் பயன் குறையும்.

மண்ணில் சுக்காங்கல் நிறைய இருக்கையில் கால்ஸியத்தை வெளியிலிருந்து ஏன் வாங்கவேண்டும் என்ற கேள்வி நியாயமானதே. களரின் கார நிலையில் சுண்ணாம்பு கரைவதில்லை என்பதே விடை. தக்கைப்பூண்டை விதைத்து நாற்பது ஐம்பது நாளில் மடக்கி உழுதால், அது மக்கும்போது எழும் கரியமில வாயு நீரோடு கூடி அச்சுண்ணாம்பைச் சிறிது சிறிதாகக் கரைக்கும். இந்த வகையில் தழை உரமும் கால்ஸியம் தருகிறது. ஆனால் கடுங்களரில் இதை மட்டும் நம்புவது தாமதமான வழி. இடைக்காலத்தில் களரைத் தாங்கும் திருச்சி 1, திருச்சி 3 முதலிய நெல் இரகங்கள் உதவும்.

பெப்டைஸேஷன் எவ்விடத்தும் தீமை என்று கொள்வதும் தவறு. நடவுக்குமுன் சேற்றுழவு செய்வது மண்ணின் கட்டைக் குலைத்துத் துகள்களைப் பிரித்து, நீர் கீழே இறங்காதபடி தடுப்பதற்கே. நெல்லுக்கு நன்மையான அந்தச் சேறே, அறுவடைக்குப்பின் காய்ந்து பாளமாகி உளுந்து பயறுகளுக்கு இடையூறு செய்கிறது. நல்ல நிலத்தில் உழவும் வெயிலும் அதனை மீண்டும் திரட்டிவிடும். ஸோடியம் பற்றிய நிலத்தில் அவ்வாறு திரும்பாது.

கிணற்றுநீர் பாயும் ஊர்களில் ஒரு செய்தி எஞ்சியுள்ளது. ஸோடியம் பைகார்பனேட் மிகுந்த நீர் கால்ஸியத்தைச் சுண்ணாம்பாகப் படியவைத்து, ஸோடியத்தைக் களியிடம் விட்டுச்செல்லும். ஜிப்ஸம் இட்டுத் திருத்திய வயல் இத்தகைய நீரால் சில ஆண்டுகளில் பழைய நிலைக்கே திரும்பும். ஆகையால் மண் மாதிரியோடு கிணற்றுநீரையும் ஒரு புட்டியில் எடுத்து ஆய்வுசாலைக்கு அனுப்பவேண்டும். எஞ்சிய ஸோடியம் கார்பனேட் லிட்டருக்கு 2.5 மில்லி சமானத்துக்கு மேற்பட்டதாக முடிவு வந்தால், அந்நீரைத் தனியே பாய்ச்சாமல் வாய்க்கால் நீரோடு கலந்தோ, ஜிப்ஸக் கற்களை நிரப்பிய தொட்டியின் வழியே செலுத்தியோ பாய்ச்சவேண்டும்.